பதினாலாம் தேதிப் படம்

"உனக்கு இந்த நாத்தம் பழகிப்போச்சா அக்கா?"

நாற்பத்தேழாம் நம்பர் வாயைத் திறந்து கேட்ட முதல் கேள்வி இதுதான். வந்து ஏழு மாதம் ஆகியும் ஒரு சொல் உதிர்க்காதவள், ஒருநாள் காலை சுவரோரம் குந்தியிருந்தபடி, பக்கத்து வீட்டுக்காரியிடம் தீப்பெட்டி கேட்பது போலக் கேட்டாள். மூத்திரத்தில் ஊறிய வைக்கோலை இரண்டு கையாலும் வாரிக்கொண்டிருந்த ஆயாவுக்குக் கை தளர்ந்து, வாரியதெல்லாம் காலிலேயே விழுந்தது.

"பழகலை," என்றாள் ஆயா. "மூக்கை வீட்டுலயே கழட்டி வச்சுட்டு வரேன்."

நாற்பத்தேழு சிரித்தாள். அந்த வார்டில் சிரிப்புக்குப் பஞ்சமில்லை. ராப்பகலாக யாராவது சிரித்துக்கொண்டுதான் இருப்பார்கள். ஆனால் சிரிக்க வேண்டிய இடத்தில் ஒருத்தி சிரித்ததை ஆயா அன்றுதான் கேட்டாள்.

அது பைத்தியக்கார ஆஸ்பத்திரியின் பெண்கள் வார்டு. நீளமான ஒரு கொட்டடி, மேலே எட்டாத உயரத்தில் ஆறு ஜன்னல், கீழே நடுவில் ஒரு சாக்கடை. அறுபத்திரண்டு பெண்கள். வெள்ளைக்காரத் துரைகள் நாட்டை ஆண்ட காலம் அது. சிறை கட்டிய அதே கொத்தனார்தான் ஆஸ்பத்திரியையும் கட்டினாராம். மிச்சமிருந்த கம்பியை என்ன செய்வது என்று தெரியாமல் ஜன்னலுக்கு இரண்டு மடங்காக வைத்துவிட்டார் என்று பெரிய ஆயா சொல்லுவாள். பினாயில், மூத்திரம், புளித்த கஞ்சி, ஈரத்தலை என்று நாலு வாசனையும் காலையில் கதவு திறந்ததும் ஒன்றாக வந்து முகத்தில் அறையும். மத்தியானத்துக்குள் அது துணிக்குள் புகும். வீட்டுக்குப் போனால் தட்டில் போட்ட சோற்றிலும் அதே வாசனைதான்.

நம் ஆயாவுக்கு அங்கே 'சிலேட்டு' என்று பேர். பள்ளிக்கூடத்தில் வாத்தியார் கேட்ட கேள்விக்குப் பதில் தெரிந்தும் எழுந்து நின்றால் நாக்கு மேலண்ணத்தில் ஒட்டிக்கொள்ளும். மூன்றாம் வகுப்பிலேயே படிப்பை நிறுத்திவிட்டாள். ஆனால் கையெழுத்து மட்டும் முத்து முத்தாக நின்றுவிட்டது. வார்டு வாசலில் ஒரு சிலேட்டுத் தொங்கும். தினம் காலையில் அதில் தேதி போட்டு, எத்தனை பேர் தின்றார்கள், எத்தனை பேர் தூங்கவில்லை, எத்தனை பேர் படுக்கையை அசிங்கம் பண்ணினார்கள் என்று எழுத வேண்டும். எழுதத் தெரிந்த ஒரே ஆயா இவள்தான். அவள் எழுதுகிற நாலு எப்போதும் ஒரு காலை நீட்டி உட்கார்ந்திருக்கும். அந்த வார்டில் அவள் கை படுகிற சுத்தமான பொருள் அந்தச் சிலேட்டு ஒன்றுதான். அதனால் எழுதும்போது ஒரு நிமிஷம் கூடுதலாகவே நிற்பாள்.

நாற்பத்தேழு வந்த நாள் சிலேட்டுக்கு நன்றாக நினைவிருந்தது. பெற்ற பிள்ளை ஐந்தாம் நாள் போய்விட்டது. அன்றிலிருந்து பேச்சில்லை, சோறில்லை. புருஷன் வீட்டார் நாலு நாள் பார்த்தார்கள். பிறகு தெருவில் நிறுத்திவிட்டு உள்ளே போய்த் தாழ் போட்டுக்கொண்டார்கள். கேட்ட கேள்விக்குப் பதில் சொல்லாமல் தெருவில் நின்றாள் என்று போலீஸ்காரர் எழுதினார். உட்கார்ந்த நாற்காலியிலிருந்து எழாமலே, ஆஸ்பத்திரிப் பெரிய டாக்டரான வெள்ளைக்காரத் துரை கையெழுத்துப் போட்டார்.

அன்று அவள் மார்புத் துணி நனைந்திருந்தது. பிள்ளை போனாலும் பாலுக்குத் தெரியாதே, அது பாட்டுக்கு ஊறிக்கொண்டிருந்தது. துரை அந்த ஈரத்தைப் பார்த்து மூக்கைச் சுளித்துத் தன் பாஷையில் ஏதோ சொன்னார். "அசிங்கப் பழக்கம் உள்ளவளாம். எழுதிக்கோ," என்றார் டிரெஸ்ஸர்.

டிரெஸ்ஸர் என்பவர் துரைக்கு வாயும் காதும். நம் ஆள்தான். ஆறு மாதம் மருந்து கலக்கப் படித்துவிட்டு, இருபது வருஷமாக அதைச் சொல்லிக்கொண்டிருப்பவர். நம் பாஷையில் துரைக்குத் தெரிந்தது வா, போ, உக்காரு, நாக்கை நீட்டு, இந்த நாலும்தான். மற்றதெல்லாம் டிரெஸ்ஸர் வழியாகத்தான் போய் வர வேண்டும்.

"அது பால் ஐயா," என்று சிலேட்டு முணுமுணுத்தாள். யார் காதிலும் விழவில்லை. விழாத அளவுக்குத்தான் அவளால் பேச முடிந்தது.

துரை யாரையாவது தொட்டுப் பார்த்தால் உடனே இரண்டு கையையும் நீட்டுவார். சிலேட்டு செம்பிலிருந்து மூன்று தடவை தண்ணீர் ஊற்ற வேண்டும். துடைத்த துண்டைத் திரும்ப மடிக்கக் கூடாது, அடுப்பில் போட வேண்டும். தலையைச் சுற்றி இரும்புக் கவ்வை வைத்து அளந்தார். பின்கழுத்தில் ஏதோ எண்ணெயைத் தடவிக் கொப்புளம் எழுப்பச் சொன்னார். கெட்ட நீர் வெளியேறினால் புத்தி தெளியும் என்பது அவர் கணக்கு. கொப்புளம் உடைந்து புண்ணாகி, புண்ணில் ஈ மொய்த்தது. ஈயை ஓட்டக்கூட நாற்பத்தேழு கையைத் தூக்கவில்லை. சிலேட்டுதான் போகும்போதும் வரும்போதும் முந்தானையால் வீசிவிட்டுப் போவாள். புண் ஆறியது. ஆறியது எண்ணெயால் என்று ரிஜிஸ்டரில் ஏறியது.

நாத்தம் பற்றிக் கேட்ட நாளிலிருந்து அவள் ஒவ்வொரு சொல்லாகத் திரும்பி வந்தாள். தானாகத் தின்றாள். மற்றவர்களுக்குப் பேன் பார்த்தாள். கயிற்றுக்கு நார் பிரிக்கிற வேலையில் நாலு பேர் பங்கை ஒருத்தியே முடித்தாள்.

"எனக்கு ஒரு அண்ணன் இருக்கு அக்கா," என்றாள் ஒருநாள். "சுண்ணாம்பு அடிக்கிற வேலை. ஊர் ஊராப் போவாரு. நான் இங்கே இருக்கிறது அவருக்குத் தெரியாது. தெரிஞ்சா விட்டுட்டு இருக்க மாட்டாரு."

வெளியே போக இரண்டு வேண்டும். மூன்று மாதத்துக்கு ஒருமுறை வரும் கமிட்டி சரி என்று சொல்ல வேண்டும். அன்றைக்கே சொந்தக்காரர் ஒருவர் வந்து கையெழுத்துப் போட்டுப் பொறுப்பேற்க வேண்டும். இரண்டில் ஒன்று குறைந்தாலும் இன்னும் மூன்று மாதம். ஆயாக்கள் நோயாளிக்காகக் கடிதம் எழுதக் கூடாது என்பது சட்டம். சிலேட்டு அவளிடம் அண்ணன் வீட்டு விலாசம் கேட்டு, ஒரு தபால் கார்டு வாங்கி, வீட்டு அடுப்படியில் உட்கார்ந்து எழுதினாள். 'உங்கள் தங்கை நன்றாகத் தெளிந்துவிட்டாள். பதினாறாம் தேதி சனிக்கிழமை காலையில் வந்து நாற்பத்தேழாம் நம்பர் என்று கேட்கவும். தவறாமல் வரவும்.' நம்பரை எண்ணில் எழுதினாள். நாலு காலை நீட்டிக்கொண்டது.

பதில் கார்டு வந்தது. வேறு யாரையோ விட்டு எழுதியிருந்தார். வருகிறேன், என் வீட்டிலும் சொல்லிவிட்டேன், அவளுக்கு ஒரு மூலை ஒழித்து வைத்திருக்கிறோம் என்று இருந்தது.

துரை ஒரு புத்தகம் எழுதிக்கொண்டிருந்தார். இந்த நாட்டுப் பைத்தியங்களைப் பற்றி, அவருடைய நாட்டில் அச்சாகப் போகிற புத்தகம். குணமான ஒவ்வொருவருக்கும் இரண்டு படம். ஒன்று வந்தபோது, ஒன்று போகும்போது. பன்னிரண்டாம் தேதி செவ்வாய்க்கிழமை நாற்பத்தேழுக்குத் தலை வாரி, வெள்ளைத் துணி கொடுத்து, நாற்காலியில் உட்கார வைத்துப் போகும் படம் எடுத்தார்கள். காலடியில் வார்டு வாசலில் தொங்கும் சிலேட்டுப் பலகை. அதில் நம்பரும் தேதியும். அழகாக வந்தது.

புதன்கிழமை வினை வந்தது. வந்தபோது எடுத்த கண்ணாடித் தகடு இருந்த பெட்டியைத் தூக்கிக்கொண்டு வந்த டிரெஸ்ஸர் படியில் கால் தடுக்கி விழுந்தார். டிரெஸ்ஸருக்குக் கீறல்கூட இல்லை. தகடு தூள் தூள்.

வியாழக்கிழமை காலை சிலேட்டையும் பெரிய ஆயாவையும் குளிக்கிற கொட்டகைக்குப் பின்னால் கூப்பிட்டார். அங்கே சுவரில் கம்பளியை ஆணி அடித்து மாட்டியிருந்தது. படக்காரர் மூன்று கால் பெட்டியை நிறுத்திக்கொண்டிருந்தார். நாற்பத்தேழு ஓரமாக நின்றாள்.

"துரை ஒண்ணும் தப்பாக் கேக்கலை," என்றார் டிரெஸ்ஸர். "அதே பொம்பளை, அதே மூஞ்சி. உடைஞ்சதைத் திரும்ப எடுக்கிறோம், அவ்வளவுதான். இவளைக் கொஞ்சம் பழையபடி ஆக்கணும்."

"வந்தப்ப இவ சும்மாதானே ஐயா நின்னா?" என்றாள் சிலேட்டு. "தலையைக் குனிஞ்சுக்கிட்டு."

"சும்மா நிக்கிறதைப் படம் பிடிச்சா பாக்கிறவனுக்கு என்னம்மா தெரியும்? சும்மா நான்கூடத்தான் நிக்கிறேன்."

"நீங்க நின்னா இன்னும் நல்லா வரும்," என்று பெரிய ஆயா வாய்க்குள் சொன்னாள்.

"என்ன?"

"வெயில் நல்லா இருக்குன்னேன் ஐயா."

டிரெஸ்ஸர் நாற்பத்தேழிடம் திரும்பினார். குரலில் சர்க்கரை. "இங்க பாரும்மா. இதை மட்டும் ஒழுங்காச் செஞ்சுட்டா, நாளன்னைக்குக் கமிட்டியில துரையே எழுந்து, இவ குணமாயிட்டா, வீட்டுக்கு விடுங்கன்னு சொல்லுவாரு. செய்யலைன்னு வச்சுக்கோ, புஸ்தகத்துல உன் பக்கம் அரையும் குறையுமா நிக்கும். துரைக்கு அரைகுறை பிடிக்காது."

"அப்ப நான் இன்னொரு தரம் பைத்தியமானாத்தான் குணமானேன்னு எழுதுவீங்க," என்றாள் அவள்.

டிரெஸ்ஸர் சிரித்தார். "பாத்தியா, எவ்வளவு தெளிவாப் பேசறே! அதான் சொல்றேன், குணமாயிட்டே."

அவள் சிலேட்டைப் பார்த்தாள். "அக்கா, எப்படி நிக்கணும்? பைத்தியமா இருந்தப்ப நான் என்னைப் பாத்ததில்லையே."

செய்ய மாட்டேன் என்று சிலேட்டு சொல்லியிருக்கலாம். இரண்டே நாள்தானே, எப்படியாவது போய்ச் சேரட்டும் என்று நினைத்தாள். வாரியிருந்த முடியைக் கையால் கலைத்து, சாம்பலைத் தேய்த்தாள். வெள்ளைத் துணியை வாங்கிக்கொண்டு, போன மாதம் செத்துப்போன ஒருத்தியின் கோணிச் சட்டையைப் போட்டுவிட்டாள். அது கக்கத்தில் இன்னும் விறைப்பாக இருந்தது, எதனால் என்று அவள் யோசிக்க விரும்பவில்லை. டிரெஸ்ஸர் மூலையில் இருந்த மலவாளியைக் கண்ணால் காட்டினார்.

"படத்துல நாத்தம் தெரியாது ஐயா," என்றாள் சிலேட்டு. தொட்டியடிச் சேற்றை அள்ளி வந்து கன்னத்திலும் கழுத்திலும் பூசினாள். பழைய கொப்புளத்தின் தழும்பு விரலில் தட்டுப்பட்டது.

"வாய்ல நுரை வேணும். சோப்பைக் கரைச்சுக் குடு."

துணி துவைக்கிற காரச் சோப்பு. அதை வாயில் வாங்கியதும் நாற்பத்தேழுக்குக் குமட்டிக்கொண்டு வந்தது. கண்ணில் நீர் கொட்டியது. "அது அப்படியே இருக்கட்டும், நல்லாருக்கு," என்றார் டிரெஸ்ஸர். பிறகு தானே முன்னால் நின்று பல்லைக் கடித்து, விரலை நகமாக வளைத்து, கண்ணை உருட்டிக் காட்டினார். அதைத்தான் அவள் செய்ய வேண்டும்.

படக்காரர் கறுப்புத் துணிக்குள்ளிருந்து தலையை நீட்டினார். "ஐயா, பெட்டிக்கு வேகம் பத்தாது. நான் பத்து எண்ணுற வரைக்கும் அந்தம்மா ஆடக் கூடாது. ஆடினா மூஞ்சி கலைஞ்சிரும்."

"கேட்டியா? வெறி பிடிச்ச மாதிரி நிக்கணும். ஆனா ஆடக் கூடாது."

"ஆடாத வெறி," என்றாள் பெரிய ஆயா. "நம்ம வார்டுல அப்படி ஒருத்தி இருந்தா நமக்கு ஏன் இந்தப் பாடு?"

"சிலேட்டை வை, சிலேட்டை வை! வெயில் போகுது!"

சிலேட்டு பலகையைத் துடைத்து, நம்பர் போட்டு, கீழே தேதி போட்டாள். பதினாலு. இரண்டு வருஷமாகத் தினம் காலையில் கை போட்டுப் பழகியதைக் கை போட்டது. அவள் யோசிக்கவேயில்லை. டிரெஸ்ஸர் நுரையைச் சரிபார்த்துக்கொண்டிருந்தார். படக்காரரின் பெட்டிக்குள் எல்லாம் தலைகீழாகத் தெரியும், அவர் எழுத்தைப் படிக்கவில்லை. சிலேட்டு தன் அழகான கையெழுத்தை நாற்பத்தேழின் காலடியில் சாய்த்து வைத்துவிட்டு விலகினாள்.

ஒன்று, இரண்டு, மூன்று. நாற்பத்தேழு பல்லைக் காட்டிக்கொண்டு நின்றாள். நுரை மெதுவாக மோவாயில் இறங்கியது. ஆறு, ஏழு. கொட்டகைக்கு அப்பால் துரை கைக்குட்டையை மூக்கில் வைத்துக்கொண்டு எட்டிப் பார்த்து, தலையாட்டிவிட்டுப் போனார். பத்து.

"முடிஞ்சுது," என்றார் படக்காரர். அவள் பக்கம் பார்க்காமலே பெட்டியை மடக்கினார்.

நாற்பத்தேழு நாலு தடவை துப்பினாள். ஐந்தாவது வாந்தியாக வந்தது. "தலையில தண்ணி ஊத்து அக்கா," என்றாள். சிலேட்டு ஊற்றினாள். சேறு கரைந்து ஓடியது.

"அவரு எண்ணுனாரு பாரு. ஆறு, ஏழுன்னு. அப்ப ஒரு நொடி, இதுதான் நானோன்னு தோணிச்சு."

"வாயைக் கழுவு. நாளன்னைக்கு உங்க அண்ணன் வராரு. அதை நினை."

அவள் போன பிறகு சிலேட்டு தன் கையைக் கழுவினாள். மூன்று தடவை கழுவினாள். கழுவி முடித்த பிறகுதான் யாரைப் போலக் கழுவுகிறோம் என்று உறைத்தது. துண்டால் துடைக்காமல் அப்படியே காய விட்டாள்.

சனிக்கிழமை கமிட்டி வந்தது. மூன்று பேர். மூக்குக் கண்ணாடி போட்ட ஒரு வெள்ளைக்கார அதிகாரி, ஒரு பாதிரியார், நம் ஊர்க்காரரான ஒரு பெரிய வியாபாரி. மூன்று பேர் கையிலும் வாசனைத் தண்ணீர் தெளித்த கைக்குட்டை. வார்டு நாத்தத்தோடு அந்த வாசனையும் சேர்ந்தபோது சிலேட்டுதான் மூக்கைப் பொத்திக்கொண்டாள். வாசலில் மேஜை போட்டிருந்தார்கள். நாற்பத்தேழு வெள்ளைத் துணியில், தலை வாரி, மேஜைக்கு முன்னால் நின்றாள். அண்ணன் விடிவதற்கு முன்பே வந்துவிட்டார், வெளிக் கேட்டில் காவலாளியோடு உட்கார்ந்திருக்கிறார் என்று பெரிய ஆயா வந்து காதில் போட்டிருந்தாள்.

துரை இரண்டு படத்தையும் மேஜைமேல் வைத்தார். முதலில் வெறி, பிறகு வெள்ளைத் துணி. இரண்டுக்கும் நடுவில் தன் விரலை ஓட்டிக் காட்டி ஏதோ சொன்னார். கடை விரித்தவன் முகத்தில் இருக்குமே, அந்தப் பெருமை. பாதிரியார் 'அடடா' என்பது போல உச்சுக்கொட்டினார். வியாபாரி வெறிப் படத்தை நகர்த்தி வைத்துக்கொண்டார், அது மேலே பட்டுவிடும் போல.

அதிகாரி மட்டும் கண்ணாடியை ஏற்றிவிட்டுக்கொண்டு படத்தின் அடிப்பாகத்தைப் பார்த்தார். அங்கே விரலை வைத்தார். அடுத்த படத்திலும் அதே இடத்தில் விரலை வைத்தார். தலையைத் தூக்கித் துரையிடம் ஏதோ கேட்டார்.

பாஷை தெரியாவிட்டால் என்ன, எண் தெரியுமே. அந்த விரலுக்கு அடியில் காலை நீட்டி உட்கார்ந்திருந்தது சிலேட்டின் நாலு. செவ்வாய்க்கிழமை பன்னிரண்டு. வியாழக்கிழமை பதினாலு. செவ்வாய்க்கிழமை தெளிந்தவள் வியாழக்கிழமை வெறி பிடித்து நிற்கிறாள்.

துரையின் முகம் கழுத்திலிருந்து சிவந்தது. படம் ஜோடித்தது என்று சொன்னால் அவர் புத்தகம் போச்சு. உண்மைப் படம் என்றால் இவள் குணமானது போச்சு. எதை விடுவது என்று யோசிக்க அவருக்கு அதிக நேரம் ஆகவில்லை. மெதுவாகப் பேச ஆரம்பித்தார். பேசப் பேசக் குரல் திடமானது. கையை வீசினார். தன் பேச்சைத் தானே நம்பத் தொடங்கிவிட்ட மனுஷன் எப்படி இருப்பான் என்று சிலேட்டு அப்போது பார்த்தாள்.

வியாபாரி தலையை ஆட்டிவிட்டு நம் பாஷையில் டிரெஸ்ஸரிடம் சொன்னார். "இந்த நாட்டுப் பொம்பளைகளுக்குக் குணம் நிலைக்காதாம். தெளிஞ்ச மாதிரி இருக்குமாம், ரெண்டே நாள்ல திரும்ப வந்துடுமாம். அதுக்குச் சாட்சியாத்தான் துரை ரெண்டு படமும் வச்சிருக்காராம். பெரிய கண்டுபிடிப்பு ஐயா."

"ஆமாங்க," என்றார் டிரெஸ்ஸர்.

சிலேட்டு முன்னால் வந்தாள். எப்படி வந்தாள் என்று அவளுக்கே தெரியாது. நாக்கு வழக்கம் போல மேலே ஒட்டிக்கொண்டது. அதைப் பிய்த்து எடுத்தாள்.

"அது படத்துக்காகப் பண்ணினதுங்க."

வியாபாரி திரும்பினார். "யாரும்மா நீ?"

"ஆயா. அந்தத் தேதி நான் எழுதினது. சேறு நான் பூசினது. வாய்ல இருக்கிறது சோப்பு நுரைங்க. பழைய தகடு உடைஞ்சு போச்சுன்னு செய்யச் சொன்னாங்க."

வியாபாரி அதை அவர்கள் பாஷையில் சொன்னார். அதிகாரி துரையைப் பார்த்தார். துரை கோபப்படவில்லை. தோளைக் குலுக்கி ஏதோ ஒரு வரி சொன்னார். நாலு பேரும் சிரித்தார்கள். பாதிரியார்கூடக் கைக்குட்டைக்குள் சிரித்தார்.

"துரை என்ன சொல்றாருன்னா," வியாபாரி கண்ணைத் துடைத்துக்கொண்டே சொன்னார், "பைத்தியங்களோட ரொம்ப நாள் கிடந்தா ஆயாக்களுக்கும் தொத்திக்கிடுமாம். உனக்கும் ஒரு கட்டில் போடச் சொல்லவா?"

"அவளையே கேளுங்க ஐயா!"

கேட்டார்கள். அது பெருந்தன்மையாம். நாற்பத்தேழு நிமிர்ந்து நின்று தெளிவாகச் சொன்னாள். "நடிக்கச் சொன்னாங்க, நடிச்சேன். செஞ்சா வீட்டுக்கு விடறேன்னு சொன்னாங்க. இந்த ஐயாதான் எப்படிப் பல்லைக் கடிக்கணும்னு காட்டிக் குடுத்தாரு."

டிரெஸ்ஸர் ஜன்னலைப் பார்த்தார்.

வியாபாரி சொல்லி முடிப்பதற்குள் துரை மகிழ்ச்சியோடு மேஜையைத் தட்டினார். தான் நடித்ததாகச் சொல்வதுதான் இந்த நோயின் முக்கியமான அடையாளமாம். வெறி வந்தவள் எவளும் வெறி வந்தது என்று ஒப்புக்கொள்ள மாட்டாளாம். அது மட்டும் இல்லை, கூட இருப்பவர்கள் தன்னை அப்படி ஆக்கினார்கள் என்று பழி போடுவாளாம். இதோ, இப்போதே போடுகிறாளே.

"அப்ப நான் என்ன சொன்னா நீங்க நம்புவீங்க?" என்று கத்தினாள் நாற்பத்தேழு. கையை மேஜையில் ஓங்கி அறைந்தாள். மைக்கூடு உருண்டு அதிகாரியின் காகிதத்தில் கொட்டியது.

எல்லோரும் ஓரடி பின்னால் போனார்கள். துரை மட்டும் படத்தையும் அவளையும் மாறி மாறிக் காட்டினார். அதே கை, அதே பல், அதே கண். வேறு சாட்சி யாருக்கு வேண்டும்?

இரண்டு ஆயாக்கள் அவளைப் பிடித்துக்கொண்டு போனார்கள். பெரிய ஆயா அதில் ஒருத்தி. குளிர்ந்த தண்ணீர், திரும்பக் கொப்புளம், தனி அறை என்று டிரெஸ்ஸர் ரிஜிஸ்டரில் எழுதினார். துரை கையை நீட்டினார். அவர் யாரையும் தொடக்கூட இல்லை. சிலேட்டு செம்பைத் தொடவில்லை. டிரெஸ்ஸரே எடுத்து ஊற்றினார்.

"உன்னை யாரு தேதி போடச் சொன்னது?" என்று பிறகு நடையில் பல்லைக் கடித்தார். "நம்பரை மட்டும் எழுதியிருந்தா அவ இந்நேரம் வீட்டுக்குப் போயிருப்பா. அழகா எழுதறாளாம் அழகா. உன் அழகுல அள்ளிப் போட!"

அதில் பொய் இல்லை என்பதுதான் சிலேட்டுக்குத் தாங்க முடியாமல் இருந்தது. பூசினவள் அவள், எழுதினவள் அவள். இந்த ஆளின் வாயிலிருந்தா அது வர வேண்டும்?

கேட்டுக்கு ஓடினாள். அண்ணனிடம் யாராவது போய்ப் பேசுவதற்குள் பேசிவிட வேண்டும். பொறுப்பேற்க வந்தவர் அண்ணன், அவர் நம்பினால் போதும். பெரிய இடத்தில் மனுப் போடுவார், அடுத்த கமிட்டிக்கு வருவார், வாசலில் உட்காருவார். ஒரு ஆள் வெளியே நின்று கேட்டுக்கொண்டே இருந்தால்தான் உள்ளே இருப்பவளுக்கு உயிர். கேட்பாரில்லாமல் அந்த வார்டில் கிழவியாகிப்போனவர்கள் இருபது பேரையாவது அவளுக்குத் தெரியும்.

காவலாளி பெஞ்சில் அவர் உட்கார்ந்திருந்தார். ஒல்லியான மனுஷர். கை இரண்டும் சுண்ணாம்பில் வெந்து வெடித்திருந்தன. நகக்கண்ணில் வெள்ளை. மடியில் ஒரு மூட்டை, அதில் மாற்றுத்துணி போல. கையில் படம். சொந்தக்காரர்கள் தொந்தரவு பண்ணாமல் இருக்கத் துரையே ஆள் விட்டுக் கொடுத்தனுப்பியிருந்தார். வெறிப் படம் மட்டும்.

"அண்ணே," என்றாள் சிலேட்டு மூச்சிரைக்க. "அதை நம்பாதீங்க. உங்க தங்கச்சி நல்லா இருக்கா. என்னோட நேத்துக்கூடப் பேசிக்கிட்டு இருந்தா. உங்க வீட்டு மூலையில எந்தப் பக்கம் தலை வச்சுப் படுக்கிறதுன்னு கேட்டுக்கிட்டு இருந்தா."

அவர் நிமிர்ந்து பார்த்தார். "கார்டு எழுதினது நீயா?"

"நான்தான்."

சட்டைப் பையிலிருந்து கார்டை எடுத்தார். நாலாக மடித்து, மடித்த இடமெல்லாம் கிழிய இருந்தது. எத்தனை பேரிடம் கொடுத்துப் படிக்கச் சொல்லியிருப்பாரோ. அதைப் படத்துக்குப் பக்கத்தில் வைத்தார்.

"எனக்குப் படிக்கத் தெரியாது," என்றார். "ஆனா நம்பரு தெரியும். இந்த நம்பரைச் சொல்லித்தானே கேக்கச் சொன்னே? மறக்கக் கூடாதுன்னு தினம் பாத்தேன்." வெடித்த விரலால் கார்டில் இருந்த நாலைத் தொட்டார். பிறகு படத்தில் இருந்த நாலைத் தொட்டார். "இதையும் நீதான் எழுதியிருக்கே."

"ஆமாம். ஆனா..."

"தெளிஞ்சுட்டாங்கிறதும் நீதான். இதுவும் நீதான்."

"கார்டுதான் நிஜம் அண்ணே. படம் பொய். நான்தான் அவளுக்குச் சேறு பூசினேன். நான்தான் வாய்ல சோப்பு ஊத்தினேன். உங்ககிட்ட அனுப்பிடணும்னுதான் செஞ்சேன். சத்தியமாச் சொல்றேன், அவளுக்கு ஒண்ணுமில்லை. உள்ளே ஒரு குரல் குடுத்தீங்கன்னா..."

உள்ளே தண்ணீர் ஊற்றுகிற சத்தம் கேட்டது. அதோடு சேர்ந்து ஒரு அலறல். அவளுடையதுதானா, வேறு யாருடையதா என்று சிலேட்டுக்கே பிரித்துச் சொல்ல முடியவில்லை. காவலாளி காதைக் குடைந்துகொண்டு, "தினம் இதேதான்," என்றார்.

அண்ணன் அந்தச் சத்தம் நிற்கும் வரை கேட்டார். பிறகு படத்தைப் பார்த்தார். பிறகு சிலேட்டின் கையைப் பார்த்தார். மணிக்கட்டிலிருந்து விரல் நுனி வரை, சுவரில் எங்கே ஓதம் ஏறியிருக்கிறது என்று பார்க்கிறவர் போல, நிதானமாகப் பார்த்தார். அவர் முகத்தில் கோபம் இருந்திருந்தால் அவள் தாங்கியிருப்பாள். மூக்கின் இரு பக்கமும் லேசாகச் சுருங்கியது, அவ்வளவுதான். அந்தச் சுருக்கம் படத்துக்கா, தனக்கா, உள்ளே இருப்பவளுக்கா என்று அவளுக்குத் தெரியவில்லை.

"அண்ணே, அடுத்த கமிட்டி மூணு மாசத்துல. நான் எழுதறேன். வருவீங்கல்ல?"

அவர் கார்டையும் படத்தையும் பெஞ்சின்மேல் ஒன்றன்மேல் ஒன்றாக வைத்தார். விரலைச் சட்டையில் துடைத்தார். மூட்டையை எடுத்துக் கக்கத்தில் இடுக்கிக்கொண்டார். காவலாளி கேட்டின் சின்னக் கதவைத் திறந்துவிட, குனிந்து வெளியேறி, மதில் நிழலை ஒட்டியே நடந்து போனார்.